பட்ஜெட்டும் அசமன்பாடும்: கணக்கு டீச்சரின் கேள்வி பதில்

கேள்வி: மகளின் பிறந்த நாளுக்கு 1,500 ரூபாய் ஒதுக்கியிருக்கிறேன். கேக் 600. ஒரு பிள்ளைக்குச் சமோசா, ஜூஸ் சேர்த்து 35. எத்தனை பேரைக் கூப்பிடலாம்?

பதில்: முதலில், எழுத்து எதைக் குறிக்கிறது என்று எழுதி வையுங்கள். ப என்றால் "பிள்ளைகள்" அல்ல, "பிள்ளைகளின் எண்ணிக்கை". வகுப்பில் இதைச் சொல்லிச் சொல்லியே தொண்டை வற்றிவிட்டது. கேக் செலவு யார் வந்தாலும் மாறாது. தலைக்கு 35தான் ஏறும். மொத்தம் 1,500ஐத் தாண்டக் கூடாது. ஆக, 600 + 35ப ≤ 1500. (≤ என்றால் "குறைவு அல்லது சமம்", ≥ என்றால் "அதிகம் அல்லது சமம்". இப்படி எழுதுவதுதான் அசமன்பாடு.) அதாவது 35ப ≤ 900, ப ≤ 25.7. விடை 25. முழுமையாக்குகிறேன் என்று 26 போட்டால் 10 ரூபாய் இடிக்கும். அந்த 25இல் உங்கள் மகளும் ஒருத்தி.

கேள்வி: சமக்குறியே போட்டால் என்ன?

பதில்: 1,500ஐயும் பைசா மிச்சமில்லாமல் செலவழித்தே ஆக வேண்டும் என்றாகிவிடும்.

கேள்வி: ஆர்.டி. எந்த வங்கியில் போடலாம்?

பதில்: வங்கியில் கேளுங்கள்.

கேள்வி: பிளஸ் ஒன் படிக்கிறேன். கையில் 100 ரூபாய். சென்னையில் ஆட்டோவில் எவ்வளவு தூரம் போகலாம்?

பதில்: 2013இல் அரசு நிர்ணயித்த கட்டணப்படி முதல் 1.8 கி.மீ.க்கு 25 ரூபாய், அப்புறம் கி.மீ.க்கு 12. தூ என்பது பயணத் தூரம், கி.மீ.யில் (அலகையும் எழுதுங்கள்). 25 + 12(தூ − 1.8) ≤ 100. தீர்த்தால் தூ ≤ 8.05. கூடவே தூ ≥ 1.8 என்றும் எழுத வேண்டும். இல்லாவிட்டால் 1 கி.மீ.க்கு 15.40 ரூபாய் என்று வரும். எந்த ஓட்டுநரும் அதற்கு வரமாட்டார்.

கேள்வி: மீட்டரா! டீச்சர் எந்த ஊரில் இருக்கிறீர்கள்? "மீட்டருக்கு மேல 20" என்றாலே அதிர்ஷ்டம்.

பதில்: சரி, 25 இருந்த இடத்தில் 45 போடுங்கள். தூ ≤ 6.38.

கேள்வி: நான் ஆட்டோ ஓட்டுகிறேன் டீச்சர். எங்கள் பக்கத்துக் கணக்கையும் போடுங்கள். நாள் வாடகை 350, கேஸ் கி.மீ.க்கு 3 ரூபாய், வீட்டுக்கு 900 வேண்டும். ஓடுவதில் மூன்றில் ஒரு பங்கு காலி வண்டி.

பதில்: நல்ல கேள்வி அண்ணா. ச என்பது சவாரியோடு ஓடும் கி.மீ. மொத்த ஓட்டம் 1.5ச, காலியாக ஓடினாலும் கேஸ் எரியும். முதல் 1.8 கி.மீ.யில் கிடைக்கும் கூடுதல் சில்லறையை விட்டுவிட்டால், 12ச − 4.5ச − 350 ≥ 900. ச ≥ 166.7. மொத்தம் 250 கி.மீ. ஓட வேண்டும், சென்னை நெரிசலில்! கி.மீ.க்கு 18 என்றால் ச ≥ 92.6, மொத்தம் 139 போதும். பேரம் எங்கிருந்து வருகிறது என்பது இதிலேயே தெரிகிறது.

கேள்வி: அப்போது கேட்டதைக் கொடுத்துவிட வேண்டியதுதானா?

பதில்: அப்படிச் சொல்லவில்லை. 18க்கு மேல் கேட்டால் அவரிடமும் இதே கணக்கைக் கேளுங்கள்.

கேள்வி: 25.7ஐ ஏன் 26 ஆக்கக் கூடாது?

பதில்: முதல் பதிலைப் படிக்கவும்.

கேள்வி: பஸ்ஸில் போனால் மிச்சம்தானே?

பதில்: ஆமாம். கேட்டது ஆட்டோ.

கேள்வி: இரவு 11 மணிக்கு மேல் அதே 100 ரூபாய்க்கு?

பதில்: அதே 2013 கட்டணப்படி ஒன்றரை மடங்கு. அடைப்புக்குறி முழுவதையும் பெருக்க வேண்டும், 12ஐ மட்டும் அல்ல: 1.5 × [25 + 12(தூ − 1.8)] ≤ 100. தூ ≤ 5.27 வருகிறதா என்று நீங்களே போட்டுப் பாருங்கள்.