மகன் நடிப்பு படிக்க வேண்டும் என்கிறான்: நியூஜெர்சி அம்மா ஒருவருக்கு

அன்புள்ள சகோதரிக்கு,

"கம்ப்யூட்டர் சயின்ஸ் எடு, நாடகத்தைப் பொழுதுபோக்காக வைத்துக்கொள் என்று எவ்வளவோ சொல்லிவிட்டோம், கேட்கமாட்டேன் என்கிறான்" என்று எழுதியிருந்தீர்கள். கடைசியில் ஒரு கேள்வி: "இவனெல்லாம் பிராட் பிட் ஆக முடியுமா சார்?"

ஆகமாட்டான் என்றே வைத்துக்கொள்வோம். நட்சத்திரமாக ஆகாத நடிகர்கள் மாதாமாதம் வாடகையை எப்படிக் கட்டுகிறார்கள்? அதைத்தான் நீங்கள் கேட்டிருக்க வேண்டும்.

ஜே.கே. சிம்மன்ஸ் என்று ஓர் அமெரிக்க நடிகர். பெயர் தெரியாவிட்டாலும் முகத்தைப் பார்த்தால் "அட, இவரா!" என்பீர்கள். 2002இல் வந்த ஸ்பைடர்மேன் படத்தில் சுருட்டும் கையுமாகக் கத்துவாரே, அந்தப் பத்திரிகை ஆசிரியர். ஃபார்மர்ஸ் இன்சூரன்ஸ் விளம்பரத்தில் வருபவரும் அவர்தான். எம் அண்ட் எம்ஸ் விளம்பரங்களில் அந்த மஞ்சள் மிட்டாய் பேசுவதும் அவர் குரலில்தான்.

1955இல் பிறந்தவர். 1978இல் மொன்டானா பல்கலைக்கழகத்தில் பட்டம் வாங்கினார். நடிப்பில் இல்லை, இசையில். பெரிய பெயரெடுத்த நாடகப் பள்ளியும் இல்லை, ஒரு மாநிலத்தின் அரசுப் பல்கலைக்கழகம். பிறகு மொன்டானாவில் பிக்ஃபோர்க் என்ற சிற்றூரின் கோடைக்கால நாடக அரங்கு, சியாட்டில் ரெப்பர்டரி தியேட்டர் என்று மேடை மேடையாக உழைத்தார். 1992இல் நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகள் உள்ள பிராட்வேயில் 'கைஸ் அண்ட் டால்ஸ்' இசை நாடகம் மீண்டும் அரங்கேறியபோது அதில் இருந்தார். கதாநாயகனாக இல்லை, துணைப் பாத்திரம். வயது 37. பட்டம் வாங்கி 14 வருஷம் ஆகியிருந்தது. இந்த 14 வருஷத்தைத்தான் உங்கள் பையன் இரண்டு தடவை படிக்க வேண்டும்.

அப்புறம் 1997. 'ஆஸ்' என்ற சிறைத் தொடரில், பார்த்தாலே குலை நடுங்கும் நியோ நாஜி கைதி. அதே காலகட்டத்தில் 'லா அண்ட் ஆர்டர்' தொடரில் நிதானமாகப் பேசும் மனநல மருத்துவர். ஒரே முகம்தான். வில்லன் முத்திரை குத்தி மூலையில் உட்கார வைத்திருப்பார்கள், இரண்டாவது வேடம் காப்பாற்றியது. பல வேடம் போடத் தெரிவது கலைப் பெருமை மட்டும் இல்லை. ஒரு பக்கம் வேலை நின்றால் இன்னொரு பக்கம் சோறு போடும்.

2014இல் வந்த 'விப்லாஷ்' படத்தில் மாணவனை வதைக்கும் ஜாஸ் ஆசிரியராக நடித்து, 60 வயதில் ஆஸ்கர் வாங்கினார். அந்தப் பழைய இசைப் படிப்பு எங்கே போய்க் கைகொடுத்தது பாருங்கள்!

ஒன்றைச் சொல்லாமல் விட்டால் நான் ஏமாற்றுக்காரன். இதே வழியில் கிளம்பி, வாடகை கட்ட முடியாமல் ஊர் திரும்பியவர்கள் ஏராளம். அவர்களைப் பற்றி யாரும் எழுதுவதில்லை. இதில் மாதச் சம்பளம் கிடையாது. நடிகர் சங்கத்தின் மருத்துவக் காப்பீடு வேண்டுமென்றால்கூட, குறிப்பிட்ட தொகைக்குக் குறையாமல் சம்பாதித்துக் காட்ட வேண்டும். அதனால் விளம்பர வேலையை உங்கள் பையன் மட்டமாகப் பேசினால் திருத்துங்கள். திரும்பத் திரும்ப ஒளிபரப்பாகும் விளம்பரம் திரும்பத் திரும்பப் பணம் தரும்.

சரி, இப்போது என்ன செய்வது? கடன்தான் எனக்குப் பெரிய பயம். 22 வயதில் தலைக்கு மேல் கல்விக் கடன் இருப்பவன், சின்ன அரங்கில் சொற்பச் சம்பளத்துக்கு நடிக்கப் போக முடியாது. உங்கள் மாநிலத்திலேயே ரட்கர்ஸின் மேசன் கிராஸ் கலைப் பள்ளியிலும் மான்ட்கிளேர் ஸ்டேட்டிலும் நடிப்பில் பி.எஃப்.ஏ. (நுண்கலை இளங்கலைப் பட்டம்) இருக்கிறது. இரண்டும் அரசுப் பல்கலைக்கழகங்கள், மாநிலவாசிகளுக்குக் கட்டணம் குறைவு. பி.எஃப்.ஏ. என்றால் பெரும்பாலும் பயிற்சி. பி.ஏ. என்றால் கூடவே இன்னொரு பாடத்தையும் சேர்த்துப் படிக்க இடம் இருக்கும். உங்கள் பையன் பாடுவான் என்கிறீர்கள், பி.ஏ.வோடு இசையும் அவனுக்குப் பொருந்தும் என்பது என் எண்ணம். வற்புறுத்தவில்லை.

நடிப்புத் தேர்வுக்கு முன்பே வீடியோ அனுப்பச் சொல்லும் கல்லூரிகள் நிறைய. அந்தக் கெடு, பல இடங்களில் விண்ணப்பக் கெடுவுக்கு முன்னாலேயே வந்துவிடும். எந்தக் கல்லூரிக்கு எந்தத் தேதி என்று அவனையே ஒரு தாளில் எழுதச் சொல்லுங்கள். அடுத்த முறை பேசும்போது அந்தத் தாளோடு அவனையும் பக்கத்தில் உட்கார வையுங்கள்.