இத்தாலிய மௌனப்பட நடிகர்களுள் இன்று அதிகம் பேசப்படாத ஒருவரைச் சொல்லுங்களேன்?

நான் சொல்லும் பெயர் பார்த்தோலோமியோ பகானோ. திரைப்பட வரலாற்றில் ஈடுபாடு கொண்டவர்களும் இப்பெயரைக் கேட்டால் சற்றுத் தயங்குவார்கள். 'மச்சிஸ்தே' என்றால் உடனே தலையாட்டுவார்கள். பாத்திரத்தின் பெயர் நடிகரின் பெயரை இப்படி முழுவதுமாக விழுங்கியதற்கு இவரைப் போல் இன்னொருவரைக் காட்டுவது கடினம்.

1878இல் ஜெனோவாவின் சாந்த் இலாரியோ பகுதியில் பிறந்த பகானோ, அந்நகரத் துறைமுகத்தில் மூட்டை தூக்கிப் பிழைத்தவர். அங்கே சுமைதூக்குவோரைக் 'கமல்லோ' என்பார்கள். அரபு மொழியின் 'ஹம்மால்' கடல் கடந்து வந்து அப்படி ஆனது. துரின் நகரத்து இத்தாலா நிறுவனத்திற்காக ஜொவான்னி பாஸ்த்ரோனே இயக்கிய 'கபீரியா' 1914இல் வெளிவந்தபோது, நடிப்புப் பயிற்சி எதுவுமில்லாத இந்தத் தொழிலாளி, ரோமானியன் ஒருவனின் அடிமையாகிய மச்சிஸ்தேயாகத் திரையில் தோன்றினார். மோலோக் தெய்வத்தின் தீ எரியும் வயிற்றுக்குள் குழந்தைகளைப் பலியிடும் கோயிலிலிருந்து சிறுமி கபீரியாவை அவர் தூக்கிக்கொண்டு ஓடும் காட்சியை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். சுற்றியுள்ளவர்கள் அக்கால மேடை வழக்கப்படி கைகளை வீசித் தவிக்க, பகானோ மட்டும் எடையைத் தூக்கிப் பழகிய உடம்புக்கே உரிய சிக்கனத்தோடு அசைகிறார். அந்தச் சிக்கனத்தைத் துறைமுகம்தான் கற்றுக்கொடுத்திருக்க வேண்டும் என்பது என் ஊகம்.

மச்சிஸ்தே என்ற பெயரைச் சூட்டியவர் கவிஞர் காப்ரியேலே தன்னுன்ட்சியோ. விளம்பரங்களில் அவர் புகழே முன்னிறுத்தப்பட்டாலும், மக்கள் மனத்தில் தங்கியவர் அந்த அடிமைதான். எனவே 1915இல் 'மச்சிஸ்தே' என்றே தனிப்படம் எடுத்தார்கள். அதில் எதிரிகளுக்குத் தப்பி ஓடும் பெண் ஒருத்தி, 'கபீரியா' ஓடிக்கொண்டிருக்கும் திரையரங்கில் ஒளிந்துகொள்கிறாள். படத்தில் கண்ட பலசாலியே தன்னைக் காப்பாற்றுவான் என்று நம்பி இத்தாலா நிறுவனத்திற்குக் கடிதம் எழுதுகிறாள். படப்பிடிப்புத் தளத்தில் அக்கடிதத்தைப் பெறுபவர் மச்சிஸ்தே என்னும் நடிகர்! பகானோ என்று ஒருவர் இருப்பதாகவே கதை காட்டிக்கொள்ளவில்லை. இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்: 'கபீரியா'வில் உடலெங்கும் கருமை பூசி ஆப்பிரிக்க அடிமையாகக் காட்டப்பட்டவர், தனி நாயகனானதும் வெள்ளையராகிவிடுகிறார். மக்கள் அந்த அடிமையை விரும்பினார்கள்; அவனுடைய நிறத்தை நாயகனாக ஏற்கத் தயாரிப்பாளர்களுக்கு மனம் வரவில்லை என்றே நான் புரிந்துகொள்கிறேன்.

அதன்பின் அவர் நடித்தவை பெரும்பாலும் மச்சிஸ்தே படங்களே. முதல் உலகப்போரின் நடுவே, 1916இல் வந்த படத்தில் ஆல்ப்ஸ் மலைப் படைவீரராக ஆஸ்திரியர்களைப் பந்தாடினார். 1920களில் ஜெர்மனிக்கும் போய் நடித்துத் திரும்பினார். குயிதோ பிரிஞ்ஞோனே இயக்கிய 'நரகத்தில் மச்சிஸ்தே'யில் அரக்கி ஒருத்தியின் முத்தத்தால் அவரே அரக்கனாகிவிடுகிறார். சிறுவயதில் தந்தையுடன் பார்த்த அந்தப் படத்தையே தம் முதல் திரைப்பட நினைவாக இத்தாலிய இயக்குநர் பெதெரிகோ பெல்லினி பிற்காலத்தில் குறிப்பிட்டார்.

1920களின் இறுதியில் நடிப்பை விட்ட பகானோ, சொந்த ஊரான சாந்த் இலாரியோவில் 1947இல் காலமானார். அவர் வாழ்ந்த வீட்டின் பெயரும் 'வில்லா மச்சிஸ்தே'. 1960களில் கட்டுடல் நடிகர்கள் பலர் அதே பாத்திரப் பெயரில் படத்துக்குப் படம் மாறி மாறி நடித்தார்கள்.

பார்க்க விரும்பினால் 'கபீரியா'விலிருந்து தொடங்குங்கள். இறுதிக் காட்சியில், கப்பலில் காதலர் இருவரும் ஒருவரிடம் ஒருவர் லயித்திருக்க, அந்தப் பெரிய உடம்புக்காரர் ஓரமாக அமர்ந்து குழல் ஊதிக்கொண்டிருப்பார்.