போனில் ஓடும் 'டெக்கன் 7' பி.எஸ்.பி.யில் ஏன் நின்றுவிடுகிறது?

கேள்வி: பிரான்சில் இருந்து வந்த சித்தப்பா தன் பழைய பி.எஸ்.பி. 1000ஐ (சோனியின் கையடக்க விளையாட்டு மெஷின்) எனக்குத் தந்தார். கஸ்டம் ஃபேர்ம்வெயர் (ரசிகர்கள் மாற்றியமைத்த இயங்கு மென்பொருள்) போட்டிருக்கிறது. 'டெக்கன் 7 பி.எஸ்.பி. மோட்' (சண்டை விளையாட்டொன்றை ரசிகர்கள் மாற்றிச் செய்தது) ஒன்றை இறக்கினேன். நண்பனின் போனில் நன்றாக ஓடுகிறது. என்னுடையதில் லோகோ வந்ததும் திரை கறுத்துவிடுகிறது. பழுதா? வேறு வாங்கவா? – புதுக்குடியிருப்பு வாசகர்

பதில்: தம்பி, மெஷின் பழுதென்று அவசரப்பட்டு முடிவு கட்டாதீர்கள். அந்த மோட் உங்கள் மெஷினுக்காகச் செய்யப்பட்டதாகத் தெரியவில்லை.

டெக்கன் 7 பி.எஸ்.பி.க்கு வந்ததே இல்லை. வீட்டில் விளையாட 2017இல் பி.எஸ்.4, எக்ஸ்பொக்ஸ் வன், கணினி ஆகியவற்றுக்குத்தான் வந்தது. பி.எஸ்.4இல் 8 ஜி.பி. ரேம், உங்கள் 1000இல் 32 எம்.பி. அதாவது 256இல் ஒரு பங்கு. ஆகவே ரசிகர்கள் 2009இல் பி.எஸ்.பி.க்கு வந்த டெக்கன் 6ஐ எடுத்து, உடை, முகம், மெனு, பாட்டு எல்லாவற்றையும் மாற்றுகிறார்கள். அடியும் உதையும் டெக்கன் 6இனுடையவைதான். காசு வாங்காமல் இரவிரவாக இருந்து செய்கிற வேலை அது, குறைத்து மதிக்கக்கூடாது.

சரி, போனில் ஏன் ஓடுகிறது? போனில் இருப்பது பி.பி.எஸ்.எஸ்.பி.பி. என்ற எமுலேட்டர், அதாவது போனையே பி.எஸ்.பி. போல இயங்கவைக்கும் ஆப். அது வழமையாக 64 எம்.பி. உள்ள 2000, 3000 மாடலைப் போலத்தான் நடிக்கும். அத்தோடு 'டெக்ஸ்சர்ஸ்' என்ற ஃபோல்டரில் வைத்த பெரிய படங்களை விளையாட்டின் மேல் போர்த்திக் காட்டும். உண்மையான பி.எஸ்.பி. அந்த ஃபோல்டரைத் திரும்பியும் பார்க்காது. அதன் திரையே 480க்கு 272 புள்ளிதான், ஒரு டெக்ஸ்சர் (உருவங்களின் மேல் போர்த்தும் படம்) 512க்கு 512 புள்ளியைத் தாண்டவும் முடியாது. இறக்கிய பொதியில் அப்படியொரு ஃபோல்டர் இருந்தால் அது போனுக்கான மோட். முழு விளையாட்டும் அடங்கிய ஐ.எஸ்.ஓ. ஃபைலுக்குள்ளேயே மாற்றியதென்றால், '1000இல் ஓடும்' என்று செய்தவரே எழுதியிருக்கிறாரா என்று பாருங்கள்.

முதலில் மோட் இல்லாத விளையாட்டு ஒன்றைச் சோதியுங்கள். சித்தப்பா யு.எம்.டி. (பி.எஸ்.பி.யின் சின்ன விளையாட்டு டிஸ்க்) ஏதும் தந்திருந்தால் அதைப் போட்டு, செலக்ட் பட்டனை அமத்தி, வரும் மெனுவில் யு.எஸ்.பி. டிவைஸ் என்பதை யு.எம்.டி. டிஸ்க் என்று மாற்றிக் கணினியில் கொழுவுங்கள். டிஸ்க் ஒரு ஐ.எஸ்.ஓ. ஃபைலாகத் தெரியும். அதைக் கணினிக்கு எடுத்து, அப்புறம் மெமரி ஸ்டிக்கின் ஐ.எஸ்.ஓ. ஃபோல்டரில் போடுங்கள். ஓடினால் மெஷினில் குறையில்லை. ஓடாவிட்டால் மெமரி ஸ்டிக்கைச் சந்தேகியுங்கள். போலி நிறைய உலவுகிறது. கொப்பி பண்ணிய ஃபைலின் அளவு கணினியில் உள்ளதோடு ஒத்துப்போகிறதா என்றும் பாருங்கள்.

'50 எம்.பி.க்குச் சுருக்கிய டெக்கன் 7' என்று வருபவற்றுக்கு டேட்டாவைச் செலவழிக்க வேண்டாம். ஃபைலைத் திறக்கும் பாஸ்வேர்டுக்காக வேறொரு ஆப் போடச் சொன்னால் அந்த இடத்திலேயே விட்டுவிடுங்கள்.

ஒன்று முக்கியம்: 1000இன் பற்றரி உப்பிப் பின்மூடியைத் தள்ளுகிறதென்றால் உடனே கழற்றுங்கள், சார்ஜ் போடவே கூடாது. பற்றரி இல்லாமலும் சார்ஜரில் அது ஓடும். ஆனால் கரண்ட் போனால் அந்தக் கணமே நின்றுவிடும், ஆகவே சேவ் ஆகும்போது கவனம்.

இந்த மோட்டுக்காக மட்டும் 2000 வாங்காதீர்கள். ரேம் கூடுமே தவிர, போனுக்கென்று செய்த டெக்ஸ்சர்கள் அதிலும் வராது. உடையும் முகமும் மட்டும் மாற்றிய சின்ன டெக்கன் 6 மோட்களைத் தேடுங்கள். 1000இல் ஓட வாய்ப்புக் கூடியவை அவைதான்.