எலும்பு இல்லாத இடத்தில் டிஎன்ஏ – கடிதம்

வணக்கம் ஐயா,

வடக்கு கிரீன்லாந்தில் காப் கோபன்ஹேகன் என்ற இடத்தில் 20 லட்சம் ஆண்டு பழைய மண்ணிலிருந்தே டிஎன்ஏ எடுத்ததாக 2022-இல் படித்தேன். எலும்பே இல்லாமல் மண்ணில் அது எப்படித் தங்கும்? ஆதிமனிதரின் கற்கருவிகள் கிடைத்த எங்கள் மாவட்டத்து அத்திரம்பாக்கத்திலும் எடுக்கலாமே?

செல்வி, திருவள்ளூர்

அன்புள்ள செல்வி,

அத்திரம்பாக்கத்தில் கிடைக்காது என்றே சொல்வேன். நம் வெயில் விடாது. டிஎன்ஏ இழையை நீர் அறுக்கிறது. சூடு ஏற ஏற அந்த வேகம் பல மடங்காகும். காப் கோபன்ஹேகனில் ஆண்டுச் சராசரி வெப்பநிலை சுமார் மைனஸ் 17 டிகிரி. அங்கே 20 லட்சம் ஆண்டில் நேர்ந்த சிதைவு, 10 டிகிரியில் 2,700 ஆண்டிலேயே நேர்ந்துவிடும் என்பது அந்த ஆய்வாளர்களின் கணக்கு. சென்னைப் பக்கம் சராசரியே 28-ஐ ஒட்டி. ஹரியானாவில் சிந்துவெளி நாகரிக ஊரான ராக்கிகடியில் 61 எலும்பு மாதிரிகளைச் சோதித்து ஒன்றில்தான் பலன் கிடைத்தது. அவை சில ஆயிரம் ஆண்டு பழையவைதான். அத்திரம்பாக்கத்துக் கற்கருவிகளுக்கோ 15 லட்சம் வயது.

மண்ணில் தங்குவது களிமண்ணின் வேலை. டிஎன்ஏவுக்கும் எதிர்மின் ஏற்றம், களிமண் தகட்டின் முகத்துக்கும் எதிர்மின் ஏற்றம். நடுவில் நேர்மின் ஏற்றம் கொண்ட கால்சியம், மக்னீசியம் அயனிகள் நின்று இரண்டையும் ஒட்டவைக்கின்றன. ஒட்டிய துண்டை நுண்ணுயிர்களின் நொதிகள் எளிதில் வெட்டுவதில்லை. ஸ்மெக்டைட் களிமண் இதில் கெட்டி. ஆனால் கொடாக்கண்டன், ஆய்வகத்தில் திரும்பக் கேட்டால் சிறு பங்கைத்தான் தரும். கால்சியத்தைக் கவர இடிடிஏ என்ற வேதிப்பொருள், ஒட்டிய இடத்துக்குப் போட்டியிட பாஸ்பேட் கரைசல் என்று ஊற்றி அதைக் கிளப்ப வேண்டும். கூடவே, மக்கிய தாவரங்களிலிருந்து மண்ணில் சேர்ந்த ஹியூமிக் அமிலம் பழுப்பாக இறங்கிவரும். அதைக் கழுவி நீக்காவிட்டால், டிஎன்ஏவைப் படியெடுத்துப் பெருக்கும் பிசிஆர் முறை நின்றுபோகும். 'டிஎன்ஏ இல்லை' என்று தவறாக முடிவு கட்டிவிடுவோம்.

மாதிரியைக் கீழ் அடுக்கிலிருந்து மேல்நோக்கி எடுக்க வேண்டும். மேலிருந்து தொடங்கினால் உதிரும் மண் கீழ் அடுக்கில் விழும். கிடைத்த துண்டுகள் பழையவைதானா என்று பார்க்க, நுனிகளில் சைட்டோசின் என்ற டிஎன்ஏ எழுத்து இருக்க வேண்டிய இடங்கள், காலச் சிதைவால் தைமின் என்ற வேறு எழுத்தாக வாசிக்கப்படுகின்றனவா என்று எண்ணுவார்கள்.

இதிலும் ஒரு பொறி உண்டு. நியூசிலாந்துக் குகைகளில், செம்மறியாடு அந்நாட்டுக்கே வராத காலத்து அடுக்குகளில் செம்மறி டிஎன்ஏ கிடைத்தது. மேலிருந்து நீரோடு கசிந்து இறங்கியதுதான். அடுக்கின் வயதே அதிலுள்ள டிஎன்ஏவின் வயது என்பது, நீர் ஓடாத உறைமண்ணில்தான் ஓரளவு நம்பத்தக்கது. பருவமழை இறங்கும் நம் மண்ணில் அந்த நம்பிக்கை கூடாது.

தமிழ்நாட்டில் முயல்வதென்றால் நீலகிரியின் சாண்டிநல்லா கரிச்சேற்றில் (அரைகுறையாக மக்கிய தாவரங்கள் படிந்த சதுப்பில்) தொடங்கலாம். குளிர், நீர் தேங்கிய இடம், 20,000 ஆண்டுக்கு மேற்பட்ட படிவு. அமிலச் சேறு டிஎன்ஏவைக் கெடுக்கும் என்பதால், முதலில் மேலடுக்குகளைச் சோதித்து, அதில் தேறினால் மட்டும் ஆழம் போவது நல்லது.