எஸ்எஸ்டி ரேண்டம் வேகம்: பெட்டியில் 10 லட்சம், சோதனையில் 15 ஆயிரம்

கேள்வி: என்விஎம்இ எஸ்எஸ்டி பெட்டியில் 10 லட்சம் ஐஓபிஎஸ் (வினாடிக்கு எத்தனை வாசிப்பு அல்லது எழுத்து) என்று போட்டிருக்கிறது. வேகச் சோதனை மென்பொருளான கிரிஸ்டல்டிஸ்க்மார்க்கின் கடைசி வரியில் வாசிப்பு வினாடிக்கு 62 எம்பிதான். போலிச் சரக்கா?

பதில்: இல்லை. 62 எம்பியை, ஒரு வாசிப்பின் அளவான 4,096 பைட்டால் வகுத்தால் சுமார் 15,100 ஐஓபிஎஸ். ஒரு வாசிப்புக்கு 66 மைக்ரோ வினாடி. ஒன்று முடிந்த பிறகே அடுத்ததைக் கேட்கும் சோதனை அது (கியூ 1, அதாவது வரிசையில் ஒரே கோரிக்கை). தரவைச் சேமிக்கும் நாண்ட் சிப்பிலிருந்து ஒரு பக்கத்தை எடுக்கவே பல பத்து மைக்ரோ வினாடி ஆகும் என்பதால், இது நல்ல எண்தான்.

பெட்டியில் இருப்பது, நூற்றுக்கணக்கான கோரிக்கைகள் ஒரே நேரத்தில் வரிசையில் நிற்கும்போது கிடைப்பது. செட்டிங்ஸில் என்விஎம்இ முறைக்கு மாற்றி, கியூ 32, திரெட் 16 வரியைப் பாருங்கள். 10 லட்சம் என்றால் 4,096 எம்பி வர வேண்டும். ஸ்லாட் பிசிஐஇ 3.0 (நான்கு லேன்) ஆக இருந்தால் 3,500 எம்பி அளவிலேயே முட்டி நிற்கும். பிராசஸர் பழசானாலும் குறையும். அன்றாட வேலைகள் பெரும்பாலும் கியூ 1 முதல் 4 வரைதான். ஆகவே வாங்கும்போது கடைசி வரியை ஒப்பிடுங்கள்.

கேள்வி: அதே வரியில் எழுதுவது 200 எம்பி. வாசிப்பைவிட எழுத்து வேகமா?

பதில்: எழுத வந்த தரவை டிரைவின் கன்ட்ரோலர் சிப் தன் பஃபரில் (தற்காலிக நினைவகத்தில்) வாங்கியதுமே "முடிந்தது" என்று சொல்லிவிடும். வாசிப்புக்கு அந்தச் சலுகை இல்லை.

கேள்வி: லினக்ஸில் ஃபியோ என்ற சோதனைக் கருவியை வைத்துப் புது டிரைவைச் சோதித்தேன். பிரமாதமான எண்கள். டிரைவ் நிரம்பியதும் சரிந்துவிட்டது.

பதில்: எழுதப்படாத இடத்தை வாசித்தால் கன்ட்ரோலர் நாண்டைத் தொடாமலே பூஜ்ஜியங்களைத் திருப்பித் தரும். முதலில் முழு டிரைவையும் 128 கேபி தொடர் எழுத்தால் இரண்டு முறை நிரப்புங்கள் (உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும், டிரைவின் பெயரை இருமுறை பாருங்கள்). பிறகு 4 கேபி ரேண்டம் எழுத்தை, வேகம் இறங்கி ஒரே மட்டத்தில் நிற்கும்வரை ஓட விடுங்கள். எஸ்எல்சி கேஷ் (வேகமாக எழுத ஒதுக்கிய நாண்ட் பகுதி) தீர்ந்து, பழைய பிளாக்குகளைக் காலி செய்யும் வேலையும் சேர்ந்துகொள்வதால், முதல் நிமிட வேகத்தில் பத்தில் ஒரு பங்குக்கு இறங்குவதும் உண்டு. ஃபியோவில் 'டைரக்ட்=1' (கணினியின் கேஷைத் தவிர்க்கும் அமைப்பு) விட்டுப்போனால் நீங்கள் அளப்பது ரேமைத்தான்.

டிராம் (டிரைவுக்குள் இருக்கும் வேக நினைவகம்) இல்லாத மாடல்களில் சோதனைப் பரப்பும் முக்கியம். எந்தத் தரவு எங்கே இருக்கிறது என்று குறிக்கும் முகவரி அட்டவணை மட்டும் 1 டிபிக்குச் சுமார் 1 ஜிபி. இவை கணினியிடம் கடன் வாங்கும் நினைவகமோ பெரும்பாலும் சில பத்து எம்பி. 1 ஜிபி சோதனையில் குறை தெரியாது. 64 ஜிபி கொடுத்துப் பாருங்கள்.

கேள்வி: போஸ்ட்கிரெஸ் டேட்டாபேஸ் மட்டும் மந்தமாக ஓடுகிறது.

பதில்: ஒவ்வொரு கமிட்டும் (மாற்றத்தை உறுதிசெய்தல்) எஃப்சிங்க் கேட்கிறது, அதாவது பஃபரிலுள்ளது நாண்டில் இறங்கியாக வேண்டும். ஃபியோவில் 'எஃப்டேட்டாசிங்க்=1' போட்டு, கியூ 1-ல் அளந்து பாருங்கள். சில ஆயிரம் ஐஓபிஎஸ்கூட வராவிட்டால், மின்வெட்டுப் பாதுகாப்புக் கெப்பாசிட்டர் உள்ள சர்வர் ரக டிரைவை வாங்குங்கள்.