ஒரு மரத்தைச் சுற்றி எத்தனை மரம்? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: மாயக் கதை ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் பாமாயில் எடுக்கும் செம்பனைத் தோட்டம் ஒன்று, உள்ளே நடக்க நடக்க இடம் பெருகிக்கொண்டே போகும். 'எல்லாம் மந்திரம்' என்று எழுதித் தப்பித்துக்கொள்ள எனக்கு மனமில்லை. இதற்கு ஒழுங்கான கணக்கு உண்டா?
– வாசகி, சுங்கை சிப்புட்

பதில்: உண்டு, உங்கள் வீட்டுக்குப் பின்னாலேயே இருக்கிறது. செம்பனையை முக்கோண நடவாகத்தான் நடுகிறார்கள், மரத்துக்கு மரம் சுமார் 9 மீட்டர், ஹெக்டேருக்கு 140 மரத்தைக் கொஞ்சம் தாண்டும். எந்த மரத்தடியில் நின்று பார்த்தாலும் சுற்றி ஆறு மரம். இடைப்புள்ளிக் கோலத்தில் ஒரு புள்ளியைச் சுற்றி ஆறு புள்ளி வருவதும் இதே கணக்குதான். முதல் வளையத்தில் 6 மரம், அடுத்ததில் 12, அப்புறம் 18, இப்படியே போனால் பத்தாவது வளையத்தில் 60.

உங்கள் கதையில் ஒரே ஒரு விதியை மாற்றுங்கள். மரத்துக்கு மரம் அதே 9 மீட்டர், ஆனால் ஒவ்வொரு மரத்தைச் சுற்றியும் ஏழு மரம். வேறு எதையும் தொட வேண்டாம், மற்றதெல்லாம் தானாக வரும். வளையங்கள் 7, 21, 56, 147 என்று ஏறும். முந்தைய எண்ணை மூன்றால் பெருக்கி அதற்கும் முந்தியதைக் கழித்தால் அடுத்த எண். பத்தாவது வளையத்தில் 47,355 மரம்! அறுபது எங்கே, இது எங்கே. நீங்கள் கேட்ட 'பெருகும் இடம்' இதுதான். கையால் பார்க்க ஆசையா? சமபக்க முக்கோணங்களை அட்டையில் வெட்டி ஒரு முனையைச் சுற்றி ஒட்டுங்கள். ஆறு ஒட்டினால் தட்டையாகப் படுக்கும், ஏழு ஒட்டினால் கோழிக்கொண்டைப் பூவின் ஓரம் மாதிரி நெளியும். ஐந்து ஒட்டினால் கிண்ணமாகக் குவியும். அந்த விதியில் தோட்டம் போட்டால் 12 மரத்தோடு உருண்டையாக மூடிக்கொள்ளும், அதுவும் ஒரு நல்ல கதைதான்.

ஆனால் எண்ணைவிட மனிதர்கள்மேல் கண் வையுங்கள். நம் தோட்டத்தில் புருஷன் ஒரு நிரை, பெண்சாதி பக்கத்து நிரை என்று எடுத்தால் மறுமுனையில் இருவரும் பக்கத்துப் பக்கத்தில்தான் வந்து நிற்பார்கள். உங்கள் தோட்டத்தில் அது நடக்காது. இருவரும் துளி கூடத் திரும்பாமல் நேராக நடந்தாலும் இடைவெளி விரிந்துகொண்டே போகும், பக்கத்து நிரை என்ற பேச்சுக்கே இடமில்லை. கூப்பிட்டாலும் குரல் அத்தனை இடத்துக்கும் பங்காகிப் போவதால் சீக்கிரமே தேய்ந்துவிடும். புறப்படும்போது ஒரு பாகை திசை பிசகினால், பத்தாவது வளையத்தோடு எண்ணினால் சராசரியாக 130 மரம் தள்ளிப் போய் நிற்பீர்கள். தட்டையான தோட்டத்தில் அதே பிசகு ஒரு மரத்து இடைவெளியில் ஆறில் ஒரு பங்குதான். இன்னொன்று, என் மனத்தை விட்டுப் போகாதது: வெளியே இரண்டு மூலைகளுக்குச் சிதறிப் போனவர்கள் ஒருவரையொருவர் தேடி வர மிகக் குறுகிய வழி, பெரும்பாலும் புறப்பட்ட லயத்துக்கு, அதாவது தொழிலாளர் குடியிருப்பு வரிசைக்கு, பக்கமாகத்தான் போகும். கதையின் உச்சத்தை அங்கே வையுங்கள் என்று கெஞ்சிக் கேட்பேன்.

கேள்வி: அதே தோட்டத்துக்கு வரைபடம் போட முடியுமா?
– அதே வாசகி

பதில்: முடியும், ஆனால் அளவு குறைத்த சரியான நகல் கிடைக்காது. அந்த வெளியில் முக்கோணத்தின் கோணங்களே அதன் அளவையும் தீர்மானித்துவிடுகின்றன. ஏழு மரக் கணக்கில் ஒவ்வொரு கோணமும் 360-ஐ ஏழால் வகுத்தது, அதாவது சுமார் 51.4 பாகை. பக்கத்தைப் பாதியாக்கினால் கோணம் மாறிவிடும், அது வேறு முக்கோணம். ஆகவே அந்த ஊர்க் குழந்தைகளுக்கு அச்சு அசல் பொம்மை வீடு கிடையாது. வட்டத்துக்குள் முழு உலகத்தையும் அடைக்கும் முறை ஒன்று இருக்கிறது, பாயின்காரே வட்டு என்று சொல்வார்கள். கோணமெல்லாம் சரியாக வரும், ஆனால் ஓரத்துக்குப் போகப் போக மரங்கள் எறும்பாகி அப்புறம் புள்ளியாகிவிடும்.

கேள்வி: முக்கோணத்தின் கோணங்கள் 180 என்றுதானே பள்ளியில் படித்தோம்? இதெல்லாம் கற்பனையா, நிஜமா?
– ஐந்தாம் படிவ மாணவர், கோலக்கங்சார்

பதில்: பள்ளியில் படித்தது தட்டையான தளத்துக்குச் சரி, தம்பி. கணித அறிஞர்கள் லோபசெவ்ஸ்கி 1829-இலும் போயாய் 1832-இலும், அந்த ஏழு மரத் தோட்டத்தில் போலக் கோணங்களின் கூட்டுத்தொகை 180-க்குக் குறையும் வடிவியலைத் தனித்தனியாக வெளியிட்டார்கள், 1854-இல் ரீமன் இன்னும் பொதுவாக்கினார். 180-ஐத் தாண்டுவதற்கு நாம் நிற்கும் பூமியே போதும். போர்னியோவில் போந்தியானாக் நகரின் வழியாகப் பூமத்திய ரேகை போகிறது. அங்கிருந்து அந்த ரேகையிலேயே மேற்கே பூமியின் கால் சுற்று போனால் காங்கோ வரும். செங்குத்தாகத் திரும்பி வடதுருவம் போங்கள், அங்கே மறுபடியும் செங்குத்தாகத் திரும்பி நேரே இறங்கினால் போந்தியானாக். மூன்று செங்கோணம், மொத்தம் 270 பாகை.