வரி ரசீதை வைத்து பிளான் வாங்க முடியுமா?

கேள்வி: கொருக்குப்பேட்டையில் தாத்தா 1964இல் கிரயம் வாங்கிய ஓட்டு வீடு, 620 சதுர அடி. தாத்தா, பாட்டி, அப்பா, அம்மா யாரும் இப்போது இல்லை. நான் ஒரே பிள்ளை. இடித்துவிட்டுக் கீழும் மேலுமாகக் கட்ட ஆசை. வீட்டு வரி, தண்ணீர் வரி, கரண்ட் கார்டு மூன்றும் அப்பா பெயரில். அப்பாவுக்கு இரண்டு அக்கா. கல்யாணத்தின்போதே சீர் செய்து அனுப்பியாகிவிட்டது. இந்த ரசீதுகளை வைத்தே பிளான் வாங்கித் தருவதாக ஒரு புரோக்கர் 30,000 ரூபாய் முன்பணம் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். வரி ரசீது நீங்கள் வரி கட்டியதற்குச் சாட்சி, அவ்வளவுதான். புறம்போக்கில் நிற்கும் வீட்டுக்கும் வரி போடுகிறார்கள். கரண்ட் கார்டும் அப்படித்தான்.

மாநகராட்சி கேட்பது இரண்டு: பதிவான பத்திரம், பட்டா அல்லது டி.எஸ்.எல்.ஆர். (நகர நில அளவைப் பதிவேடு) நகல். பத்திரம் தாத்தா பெயரில் இருக்கிறது. அவரிடமிருந்து உங்கள் கைக்கு எப்படி வந்தது என்ற கண்ணிதான் உங்களிடம் இல்லை.

சீர் செய்தது பங்கு கொடுத்ததாகாது. தாத்தா தன் காசில் வாங்கி, உயில் எழுதாமல் போனார் என்றால், 1956 இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகனுக்கும் மகள்களுக்கும் சம பங்கு. இன்றைக்கு வீட்டில் மூன்றில் ஒரு பங்குதான் உங்களுடையது. "அத்தை பேரைச் சேர்க்காமல் வாரிசுச் சான்றிதழ் வாங்கிடலாம் சார்" என்பான் புரோக்கர். வாங்கியும் விடுவான். அஸ்திவாரம் போட்ட பிறகு அத்தை மகன் தடை உத்தரவோடு வந்து நிற்கும்போது போனை எடுக்க மாட்டான். கூலிக்கும் கம்பிக்கும் கொடுத்த பணம் உங்களுடையது.

அத்தைகள் இருவரும் தங்கள் பங்கை உங்களுக்கு விட்டுக்கொடுப்பதாக விடுதலைப் பத்திரம் எழுதிப் பதிவு செய்து கொடுக்க வேண்டும். நோட்டரி கையெழுத்துப் போட்ட ஸ்டாம்ப் பேப்பர் செல்லாது. குடும்பத்துக்குள் என்றால் முத்திரைக் கட்டணம் 1 சதவீதம், அதிகபட்சம் 40,000 ரூபாய். பதிவுக் கட்டணம் 1 சதவீதம், அதிகபட்சம் 10,000. அண்ணன் தம்பிக்குள் என்றால் பிரச்சினை இல்லை. அத்தை தன் தம்பி பிள்ளைக்கு எழுதினால் இந்தச் சலுகை கிடைக்குமா என்று பத்திரம் எழுதும் முன்பே சார்பதிவாளரிடம் கேட்டுவிடுங்கள்.

விடுதலை இல்லாமலும் ஒரு வழி உண்டு. நீங்களும் இரண்டு அத்தைகளும் சேர்ந்தே பிளானுக்கு விண்ணப்பிக்கலாம். மூவரும் கையெழுத்திட வேண்டும். ஒரு அத்தை வெளியூரில் இருந்தால் பவர் கொடுக்கலாம். அதுவும் பதிவான பவராக இருக்கட்டும். அத்தை இறந்திருந்தால் அவர் கணவரும் பிள்ளைகளும், அதில் ஒருவர் மைனர் என்றால் கோர்ட்டு. எல்லாம் கூடி வந்தாலும், உங்கள் காசில் எழும்பும் வீடு கூட்டு மனையில் நிற்கும். மாடி எனக்கு என்று நாளைக்கு ஒருவர் கேட்டால் என்ன சொல்வீர்கள்? பாசம் கெட்டியாக உள்ள குடும்பத்துக்கு மட்டும் இந்த வழி.

அப்புறம் பத்திரத்தின் கடைசிப் பக்கத்தில் சொத்து விவரத்தைப் பிரித்துப் பாருங்கள். வட சென்னைப் பழைய பத்திரங்களில் மனையை அடையாளம் காட்ட ரீசர்வே நெம்பரும் கலெக்டர் சர்டிபிகேட் நெம்பரும் இருக்கும். கதவு எண் அதற்குள் இரண்டு தடவை மாறியிருக்கும். பத்திரத்தில் 620, டி.எஸ்.எல்.ஆரில் 598, டேப் வைத்தால் 635 என்று வந்தால் குறைவானதைத்தான் எடுத்துக்கொள்வார்கள். பிளான் வரைவதற்கு முன்பே இதைச் சரிபார்ப்பது நல்லது. பெயரும் அதே கதை. பத்திரத்தில் முனுசாமி, பதிவேட்டில் முனிசாமி என்றிருந்தால் இருவரும் ஒருவரே என்று சான்றிதழ் வாங்கி வரச் சொல்வார்கள். எழுத்துப் பிழை செய்தது அவர்கள் குமாஸ்தா, அலைவது நீங்கள்.

2024 ஜூலையில் வந்த சுயசான்று முறையில் 2,500 சதுர அடி மனைக்குள் 3,500 சதுர அடி வரை கட்ட உடனே அனுமதி கிடைக்கிறது. "யாரும் பார்க்க மாட்டாங்க" என்று புரோக்கர் சொல்வது இதை நம்பித்தான். பார்க்காததால்தான் ஆபத்து. உரிமை எனக்கு உண்டு என்று சான்று சொல்வது நீங்கள். பொய்யென்று தெரிந்தால் அனுமதி ரத்து. அனுமதி வந்தாலும் அது உரிமைப் பத்திரமாகாது.

முதலில் வில்லங்கச் சான்றிதழுக்கு மனு போடுங்கள்; சொத்தின் மேல் பதிவான பத்திரங்கள் எல்லாம் அதில் தெரியும். 1975க்குப் பிறகானது பெரும்பாலும் பதிவுத்துறை இணையதளத்திலேயே கிடைக்கும். அதற்கு முந்தையதற்கு சார்பதிவாளர் அலுவலகத்தில் மனு கொடுத்துத் தேடச் சொல்ல வேண்டும். தாத்தாவுக்கும் அப்பாவுக்கும் தனித்தனி வாரிசுச் சான்றிதழ் வேண்டும், தாத்தாவுடையது அத்தைகள் பெயரோடு. மூலப்பத்திரத்தைப் புரோக்கரிடம் கொடுத்திருந்தால் இன்றே வாங்கிவிடுங்கள். அவனுக்கு ஜெராக்ஸ் போதும்.